கால வித்தை கற்றவளின் வாழ்க்கையை எங்கிருந்து எழுதுவது?

ஒரு மிகுபுனைவு நாவல் எழுதுகிறீர்கள். அதன் நாயகி காலத்தை நிறுத்தவும் நீட்டவும் பின்னுக்குத் தள்ளவும் கற்ற ஓர் அறிஞர். வித்தையின் விதிகளையெல்லாம் எழுதி முடித்துவிட்டீர்கள், ஆனால் அவளுடைய வாழ்க்கை மட்டும் வரமாட்டேன் என்கிறது. கோபுரத்தில் உட்கார்ந்து பழைய ஏடுகளைப் புரட்டுகிறாள், அதற்கு மேல் நகரவில்லை. அவள் எங்கிருந்து வந்தாள், யார் அவளுக்குச் சோறு போடுகிறார்கள், யார் அவளுக்குப் பகை, வித்தைக்கு என்ன விலை, எப்படி முடிகிறாள் என்று கேட்டிருக்கிறீர்கள்.

வித்தையைக் கொஞ்ச நேரம் ஓரமாக வையுங்கள். காலத்தைக் கையில் வைத்திருந்தவர்கள் நம் உலகத்திலேயே வாழ்ந்திருக்கிறார்கள். நீர்க்கடிகாரம் செய்தவர்கள், பஞ்சாங்கம் கணித்தவர்கள், தொழுகை நேரம் குறித்தவர்கள், கிரகணத்தை முன்கூட்டிச் சொன்னவர்கள். அவர்களைச் சுற்றி இருந்த பலருக்கு அவர்கள் செய்தது மந்திரத்துக்கு வெகு பக்கத்தில் இருந்தது. அவர்களுடைய வரலாற்றைப் படிக்கப் படிக்க எனக்கு ஒன்று உறுதிப்பட்டது. காலத்தை ஆள்வதற்கு முன்னால் அவர்கள் காலத்தைக் காவல் காத்தார்கள். இரவெல்லாம் விழித்திருந்து, இன்னொருவர் செலவில், இன்னொருவர் தேவைக்காகக் காத்தார்கள். அந்த வேலையும் அந்த எஜமானரும் சேர்ந்துதான் அவர்கள் வாழ்க்கையை இழுத்துக்கொண்டு போனார்கள். உங்கள் நாயகியின் வாழ்க்கையும் அங்கிருந்துதான் கிடைக்கும்.

முதலில் அவளுடைய சிறு வயது. அரச குலத்தில் பிறந்த, தீர்க்கதரிசனம் சொல்லப்பட்ட குழந்தையாக அவளை ஆக்காதீர்கள். 7ஆம் நூற்றாண்டில் நாளந்தாவில் தங்கிப் படித்த சீனத் துறவி யிஜிங், அங்கிருந்த மடங்களின் நீர்க்கடிகாரங்களைப் பற்றி எழுதியிருக்கிறார். தண்ணீர்த் தொட்டியில் ஒரு செப்புக் கிண்ணம் மிதக்கும். அடியில் ஊசித் துளை. நீர் ஏறி ஏறிக் கிண்ணம் மூழ்கினால் ஒரு பொழுது முடிந்தது, முரசு அடிக்க வேண்டும். இந்தக் கடிகாரங்களை அரசர்கள் தானமாகக் கொடுத்தார்கள். கூடவே அவற்றைப் பார்த்துக்கொள்ளச் சில சிறுவர்களையும் தானமாகக் கொடுத்தார்கள் என்கிறார் யிஜிங். அந்த வரியைத் தாண்டிப் போக எனக்கு மனம் வரவில்லை. கிண்ணத்தோடு சேர்த்துக் கொடுக்கப்பட்ட பிள்ளைகள்! தண்ணீரையே பார்த்துக்கொண்டு, தூக்கம் கண்ணைச் சொருகும்போது ஒருவரை ஒருவர் கிள்ளிக்கொண்டு வளர்ந்திருப்பார்கள். உங்கள் நாயகி அவர்களில் ஒருத்தியாக இருக்கட்டும். மந்திரம் என்ற சொல்லைக் கேட்பதற்கு முன்பே பத்தாயிரம் முறை கிண்ணம் மூழ்குவதைப் பார்த்தவளாக இருக்கட்டும்.

இப்படி எளிய இடத்திலிருந்து வந்த பெரிய பெயர்கள் நிஜத்திலும் உண்டு. டமாஸ்கஸ் உமய்யா பள்ளிவாசலில் முவக்கித்தாக, அதாவது தொழுகை நேரம் கணிப்பவராக இருந்த இப்னு அல்-ஷாத்திர், சின்ன வயதிலேயே தந்தையை இழந்தவர். தந்தத்தை இழைத்துப் பதிக்கும் கைத்தொழிலை முதலில் கற்றார். 14ஆம் நூற்றாண்டில் அந்தக் கைதான் பள்ளிவாசல் மினாராவுக்கு நுட்பமான சூரியக் கடிகாரத்தையும் செய்தது. அவர் வகுத்த நிலவின் இயக்க மாதிரியும், ஏறத்தாழ 150 ஆண்டுகள் கழித்துக் கோப்பர்நிக்கஸ் பயன்படுத்திய மாதிரியும் கணிதத்தில் ஒன்றாக இருக்கின்றன. இங்கிலாந்தின் வாலிங்ஃபோர்டு ரிச்சர்டு ஒரு கொல்லரின் மகன். அவரைப் பற்றிப் பின்னால் நிறையச் சொல்ல வேண்டியிருக்கிறது.

அப்புறம் படிப்பு. நாவல்களில் இது பெரும்பாலும் ஒரு நூலகம், ஒரு தாடிக்காரக் குரு என்று முடிந்துவிடும். அதைவிட எவ்வளவோ அழகான ஒரு காட்சி புதுச்சேரியில் நடந்திருக்கிறது. பிரிட்டிஷ் படையில் இருந்த ஜான் வாரன், தென்னிந்தியக் காலக் கணக்கு முறைகளைத் திரட்டி 1825இல் சென்னையில் ஒரு பெரிய நூலை அச்சிட்டார். அதற்காக ஒரு தமிழ்ப் பஞ்சாங்கக் கணிதரைச் சந்தித்தார். அந்தக் கணிதர் தரையில் சோழிகளைப் பரப்பி, மனப்பாடமாக வைத்திருந்த வாக்கியங்களைச் சொல்லிக்கொண்டே, சோழிகளை நகர்த்தி ஒரு சந்திர கிரகணத்தைக் கணித்துக் காட்டினார். எழுதிய அட்டவணை எதுவும் கையில் இல்லை. 1825 மே 31, ஜூன் 1 இரவில் வந்த அந்தக் கிரகணத்தின் தொடக்கத்தை அவர் 4 நிமிட வித்தியாசத்தில் சொல்லிவிட்டார். நடுப்பகுதியில் 23 நிமிடமும் முடிவில் 52 நிமிடமும் பிசகின. சந்திரனுக்கு மட்டும் 248 வாக்கியங்கள் உண்டு. 248 நாளில் சந்திரன் தன் வேக ஏற்ற இறக்கத்தை ஒன்பது முறை முடித்துவிடும் என்பதால் அந்த எண். ஒவ்வொரு வாக்கியத்தின் எழுத்துக்குள்ளும் ஓர் எண் ஒளிந்திருக்கும். ஏன் அப்படி வருகிறது என்ற கொள்கையைப் பற்றி அந்தக் கணிதர் அக்கறை காட்டவில்லை என்றும் வாரன் குறிப்பிடுகிறார்.

உங்கள் உலகத்துக்கு இதில் இரண்டு தலைமுறைச் சண்டை இருக்கிறது. உச்சாடனங்களைப் பிழையில்லாமல் சொல்லத் தெரிந்த பழைய பள்ளி ஒன்று. அந்த உச்சாடனங்கள் எப்படி வேலை செய்கின்றன என்று கேட்கும் புதிய பள்ளி ஒன்று. பழையவர்கள் முட்டாள்கள் அல்ல. அவர்கள் சொன்ன நேரத்தில் நிலவு மங்கத்தான் செய்தது. வாக்கியப் பஞ்சாங்கமா திருக்கணிதமா என்று நம் ஊரில் இன்றும் நடக்கிற வாதத்தைக் கேட்டவர்களுக்கு இந்தச் சண்டையின் சூடு புரியும். உங்கள் நாயகி முதலில் மனப்பாடப் பள்ளியில் வளர்ந்து, பிறகு கேள்வி கேட்கத் தொடங்கினாள் என்று வைத்தால், அவளுடைய குருவோடு ஏற்படும் பிரிவுக்குக் காரணம் தானாகவே கிடைத்துவிடும். அவள் குருவை நேசிக்கிறாள், ஆனால் அந்த 52 நிமிடம் அவளைத் தூங்கவிடாது.

அவளுடைய அன்றாட வேலையை எழுதும்போது பொருள்களை மறக்க வேண்டாம். நீர் உறையும், தூசி சேரும், துளை அடைபடும். சீனாவில் குளிர்காலத்தில் நீர்க்கடிகாரம் உறைந்துபோகிற தொல்லைக்காக 979இல் சாங் ஸிஷுன் என்பவர் தண்ணீருக்குப் பதில் பாதரசத்தை ஓடவிட்டார். ஊதுவத்தி எரியும் நீளத்தை வைத்து நேரம் பார்க்கும் வழக்கமும் அங்கே இருந்தது. ஜப்பானில் கெய்ஷா என்ற ஆடல்பாடல் கலைஞர்களுக்கு ஒரு காலத்தில் கூலியே எரிந்து முடிந்த ஊதுவத்திகளின் கணக்கில்தான் கிடைத்தது. வாசனையால் நேரம் அறிகிற ஒரு கோபுரத்தை நினைத்துப் பாருங்கள். நம் முல்லைப்பாட்டில் பாசறையில் இருக்கும் அரசனிடம் நாழிகைக் கணக்கர்கள் கைகூப்பி வந்து, கன்னல் என்ற நீர்க்கடிகாரத்தில் கழிந்த பொழுது இவ்வளவு என்று சொல்கிறார்கள். அவர்களைப் பொய்யாத மக்கள் என்கிறது பாட்டு. போர்க்களத்தில், நடு இரவில், அரசனே நம்பியாக வேண்டிய ஒரே ஆள் இந்தக் கணக்கர்தான். நாழிகை என்பது 24 நிமிடம், ஒரு நாளுக்கு 60 நாழிகை. அப்படியென்றால் ஒரு நாளில் 60 முறை கிண்ணத்தைத் தூக்கிக் காலி செய்து மறுபடி மிதக்கவிட வேண்டும். இந்தச் சலிப்பு கதையில் இருந்தால்தான் அவள் முதன்முறையாகக் கிண்ணம் மூழ்காமல் நிற்க வைக்கிற அந்த இரவு வாசகரை உலுக்கும்.

சரி, எஜமானருக்கு வருவோம். நான் அதிகம் சொல்ல விரும்புவது இதைத்தான்.

சூ சோங் 1020இல் பிறந்து 1101இல் இறந்த சீன அதிகாரி. மருந்து மூலிகைகளைப் பற்றியும் நூல் செய்தவர். 1077இல் அப்போது சீனாவை ஆண்ட சோங் அரசு அவரை வடக்கே இருந்த எதிரி நாடான லியாவ் அரசுக்குத் தூதராக அனுப்பியது. லியாவ் பேரரசரின் பிறந்தநாளுக்கு வாழ்த்துச் சொல்ல வேண்டும், அந்த நாளோ குளிர்காலக் கதிர்த்திருப்பத்தில், அதாவது ஆண்டிலேயே பகல் மிகக் குறுகிய நாளில் வந்தது. போய்ச் சேர்ந்த பிறகுதான் சிக்கல் தெரிந்தது. சோங் நாட்காட்டி ஒரு நாள் முந்திக்கொண்டிருந்தது. லியாவ் கணக்குத்தான் சரி. சீனத்தில் நாட்காட்டி என்பது வெறும் தாள் அல்ல. வானத்தின் ஆணையைப் பெற்றவர் யார் என்பதற்கு அது சான்று. எதிரி நாட்டின் அரசவையில் நின்றுகொண்டு நம் அரசருடைய காலம் தவறு என்று எப்படி ஒப்புக்கொள்வது? கணக்கு முறைகள் வேறுபடும்போது இப்படிச் சிறு வித்தியாசம் வருவது இயல்பு, ஒவ்வொருவரும் தத்தம் கணக்குப்படி நடக்கலாம் என்று வானியல் பேசியே அவர் அந்த இடத்தைக் கடந்தார். ஊர் திரும்பியதும் பேரரசர் மகிழ்ந்து, உண்மையில் எது சரி என்று கேட்டார். சூ சோங் உண்மையைச் சொல்லிவிட்டார். வானியல் அலுவலகத்து அதிகாரிகள் தண்டிக்கப்பட்டார்கள்.

ஒரே மனிதர், ஒரே உண்மை, இரண்டு அரசவை. எதிரியிடம் மறைத்தார், தன் அரசரிடம் சொன்னார், அதனால் தன் சகாக்களுக்குக் கேடு வந்தது. உங்கள் நாயகியின் நடுவயதுக்கு இதைவிடச் சிறந்த திருப்பம் எனக்குத் தெரிந்து இல்லை. இதில் மந்திரம் கொஞ்சம்கூட வேண்டியதில்லை, ஆனால் இந்த ஒரு நாள் வித்தியாசத்தை மந்திரத்தால் சரி செய்யச் சொல்லி அரசர் கேட்டால் கதை எங்கேயோ போய்விடும்.

அதன் பிறகுதான் அவருக்குப் பெரிய வேலை கிடைத்தது. 1086இல் வந்த ஆணைப்படி தலைநகர் கைஃபெங்கில் ஒரு கடிகாரக் கோபுரம் எழுந்தது. 1088இல் மர மாதிரி ஓடியது. உயரம் சுமார் 12 மீட்டர். மேலே வானக் கோளத்தைப் பார்க்கும் வெண்கலக் கருவி, நடுவில் தானே சுழலும் வான உருண்டை, கீழே அடுக்கு அடுக்காக மர பொம்மைகள் வெளியே வந்து மணியும் முரசும் அடித்து நேரம் சொல்லும். இதையெல்லாம் ஓட்டியது 36 அகப்பைகள் பொருத்திய ஒரு பெரிய சக்கரம். ஓர் அகப்பை நிறைந்தால்தான் தடுப்பு விலகும், சக்கரம் ஓர் அடி நகரும், மறுபடி நிற்கும். கீழே வடிந்த தண்ணீரை மேலே ஏற்ற ஆட்கள் கையால் சக்கரம் சுற்றினார்கள். இந்த ஆட்களை விட்டுவிடாதீர்கள். நாயகி காலத்தை நிறுத்துகிறாள் என்றால் அதற்குக் கீழே யாரோ தோள் வலிக்கத் தண்ணீர் ஏற்றுகிறார்கள். அவர்களுக்கு அவள் யார்? அவர்களில் ஒருவருக்காவது அந்த இயந்திரத்தின் சத்தத்தை வைத்தே எங்கே பிசகுகிறது என்று சொல்லத் தெரிந்திருக்கும்.

இனி, அதிகாரத்தில் இருப்பவர்கள் கால அறிஞரிடம் கேட்பது என்ன? பெரும்பாலும் நாள் குறித்துத் தரச் சொல்வார்கள். முடிசூட்ட, படை கிளம்ப, திருமணம் செய்ய, புதைக்க. பாஸ்கராச்சாரியரைப் பற்றி ஒரு கதை வழங்குகிறது. லீலாவதி என்ற அவருடைய கணித நூலை அக்பரின் அவைக் கவிஞர் பைசி 1587இல் பாரசீகத்தில் மொழிபெயர்த்தபோது இந்தக் கதையும் அதில் வந்தது. மகள் லீலாவதிக்கு ஒரே ஒரு முகூர்த்தம்தான் பொருந்தும் என்று கணித்து, கிண்ணத்தை மிதக்கவிட்டுக் காத்திருந்தார்கள். ஆசையாக எட்டிப் பார்த்த பெண்ணின் அணியிலிருந்து ஒரு முத்து உதிர்ந்து கிண்ணத்தின் துளையை அடைத்துவிட்டது. நேரம் கடந்தது யாருக்கும் தெரியவில்லை. கல்யாணம் நடக்கவே இல்லை. நடந்த வரலாறாக இதை எடுத்துக்கொள்ள வேண்டாம். ஆனால் கதையாக இதன் கணக்கு அபாரம். உலகத்திலேயே பெரிய கால அறிஞர் தோற்றது எதிரியிடம் அல்ல, மகளின் ஆவலிடம்.

நாள் குறிப்பதில் உயிர் போன வரலாறும் இருக்கிறது. ஜெர்மனியின் கொலோனில் பிறந்த ஆடம் ஷால் என்ற சேசு சபைத் துறவி 1644 முதல் பெய்ஜிங்கில் அரசின் வானியல் அலுவலகத்தை நடத்தினார். ஒரு நாளை 100 கூறுகளாகப் பிரிக்கும் பழைய சீன முறையை மாற்றி 96 ஆக்கினார். 96 என்றால் 24 மணிக்கு ஒழுங்காக வகுபடும், கணக்கு எளிது. ஆனால் மரபில் ஊறியவர்களுக்கு அது நாளையே வெட்டிச் சுருக்கியதுபோல் இருந்தது. யாங் குவாங்ஷியன் என்பவர் அவர் மேல் குற்றம் சாட்டினார். அரசரின் கைக்குழந்தை இறந்தபோது அடக்கத்துக்குத் தீய நேரத்தைக் குறித்துக் கொடுத்தார்கள், அதனால்தான் அரச குடும்பத்துக்கு அடுத்தடுத்துக் கேடு வந்தது என்பது அதில் முக்கியமான ஒன்று. 1664இல் வழக்கு தொடங்கியபோது ஷால் பக்கவாதத்தால் சரியாகப் பேச முடியாத நிலையில் இருந்தார். இளைய துறவி ஃபெர்பீஸ்ட் பக்கத்தில் நின்று அவருக்காகப் பேசினார். மரண தண்டனை விதிக்கப்பட்டது. 1665 ஏப்ரலில் பெய்ஜிங்கில் நிலம் நடுங்கியது. அதை வானத்தின் எச்சரிக்கையாக எடுத்துக்கொண்டார்கள், ஷால் தப்பினார். அவரோடு வேலை செய்த ஐந்து சீன வானியலர்கள் தப்பவில்லை, அவர்கள் கொல்லப்பட்டார்கள். அடுத்த ஆண்டு ஷாலும் இறந்தார்.

கதையை இதோடு நிறுத்த முடியாது. 1668 டிசம்பரில் இளம் பேரரசர் காங்ஷி இரு தரப்புக்கும் ஒரு சோதனை வைத்தார். நட்டு வைத்த கம்பத்தின் நண்பகல் நிழல் எவ்வளவு தூரம் விழும் என்று முன்கூட்டியே சொல்ல வேண்டும். ஃபெர்பீஸ்ட் குறித்த கோட்டில் நிழல் விழுந்தது. யாங் தரப்பால் கணிக்கவே முடியவில்லை. அதற்கப்புறம் நடந்ததுதான் எனக்கு எப்போதும் வியப்பு. 1669ஆம் ஆண்டுக்கு ஏற்கெனவே அறிவிக்கப்பட்ட நாட்காட்டியில் ஓர் அதிக மாதம் தவறாகச் சேர்ந்திருக்கிறது என்று ஃபெர்பீஸ்ட் சொன்னார். நாடு முழுக்கப் போய்விட்ட நாட்காட்டி அது. அந்த மாதத்தை நீக்கினார்கள். ஒரு பேரரசு முழுவதிலும் வரவிருந்த ஒரு மாதம் ஓர் அறிஞரின் சொல்லால் இல்லாமல் போனது! 1582இல் போப்பாண்டவரின் ஆணைப்படி அக்டோபர் 4க்கு அடுத்த நாள் 15 என்று ஆனதும் இதே வகைதான். மாதத்தை நீக்கும் சக்தி உங்கள் நாயகிக்கு இருந்தால், அந்த மாதத்தில் வட்டி கட்ட வேண்டியவர், வாடகை வாங்க வேண்டியவர், பிரசவம் எதிர்பார்த்தவர் எல்லாரும் அவள் வாசலுக்கு வருவார்கள். அவளுக்குப் பகைவர் யார் என்று கேட்டீர்கள் அல்லவா? அந்த வரிசையில் இருப்பவர்களைப் பாருங்கள்.

கொல்லர் மகன் ரிச்சர்டைப் பற்றிச் சொல்கிறேன் என்றேன். 1292இல் பிறந்தவர், பத்து வயதுவாக்கில் தந்தை இறந்துபோக உள்ளூர் மடத்துத் துறவி ஒருவர் எடுத்து வளர்த்தார். ஆக்ஸ்ஃபோர்டில் படித்து, செயின்ட் ஆல்பன்ஸ் மடத்தில் சேர்ந்து, 1327இல் அதன் தலைவர் ஆனார். அப்போது மடம் கடனில் மூழ்கியிருந்தது. தேவாலயத்தின் சுவர் இடிந்து கிடந்தது. அவரோ அதுவரை இங்கிலாந்து காணாத ஒரு வானியல் கடிகாரத்தைக் கட்டத் தொடங்கினார். சூரியன், நிலவு, கிரகணம், கடலின் ஏற்றவற்றம் எல்லாம் காட்டும் இயந்திரம். நிலவின் சீரற்ற வேகத்தைக்கூடப் பல்சக்கரத்தில் கொண்டுவந்தார். மன்னர் மூன்றாம் எட்வர்டு மடத்துக்கு வந்தபோது, கோயில் இடிந்து கிடக்கையில் கடிகாரத்துக்கு இவ்வளவு செலவா என்று கண்டித்தார். எனக்குப் பின் வருகிற தலைவர்களுக்குச் சுவர் கட்ட ஆள் கிடைப்பார்கள், இந்தக் கடிகாரத்தை முடிக்க என்னை விட்டால் ஆளில்லை என்ற பொருளில் ரிச்சர்டு பதில் சொன்னார். மடத்தின் வரலாற்றுக் குறிப்பு இதைப் பதிந்திருக்கிறது.

அவருக்குத் தொழுநோய் என்று அதே குறிப்புகள் சொல்கின்றன. முகத்தில் புள்ளிகளோடு, மேசை மேல் குனிந்து, கவராயத்தால் ஒரு வட்டத் தகட்டை அளந்து பிரிக்கும் ரிச்சர்டின் ஓவியம் ஒரு பழைய கையெழுத்துப்படியில் இருக்கிறது. குரலும் குன்றிவிட்டது. சிலர் அவரைப் பதவியிலிருந்து இறக்கப் பார்த்தார்கள், ஆனால் 1336இல் சாகும்வரை தலைவராகவே இருந்தார். கடிகாரம் அவர் காலத்தில் முழுமையாகவில்லை.

இவரை வெறும் ஞானியாகக் காட்டினால் பாதி மனிதரைத்தான் காட்டியதாகும். ஊர்மக்கள் தங்கள் வீட்டுத் திருகையில் மாவு அரைக்கக் கூடாது, மடத்து ஆலையில் கூலி கொடுத்துத்தான் அரைக்க வேண்டும் என்ற உரிமைக்காக அவர் வழக்காடி வென்றார். பறித்த திருகைக் கற்களை மடத்தின் கூடத்தில் தளமாகப் பதித்தார்கள். விண்மீன்களின் பாதையைக் கணித்த அதே மனிதர் ஏழைகளின் திருகைக் கல்லின் மேல் நடந்து போனார். அவர் இறந்து 45 ஆண்டுகள் கழித்து, 1381 குடியானவர் கிளர்ச்சியில், மக்கள் மடத்துக்குள் புகுந்து அந்தக் கற்களைப் பெயர்த்தெடுத்து, உடைத்து, துண்டு துண்டாகத் தங்களுக்குள் பகிர்ந்துகொண்டார்கள். ஒரு தலைமுறைக்கு மேல் ஊர் அதை மறக்கவில்லை. உங்கள் நாயகியின் கோபுரத் தளம் எந்தக் கல்லால் ஆனது என்று முடிவு செய்துகொள்ளுங்கள். நல்லவளாகவும் அறிவாளியாகவும் இருந்துகொண்டே ஊரின் சாபத்தை அவள் வாங்க முடியும் என்பதற்கு ரிச்சர்டு போதும்.

16ஆம் நூற்றாண்டு ஒட்டோமன் வானியலர் தகியுத்தீனின் முடிவு வேறு மாதிரி. இஸ்தான்புலில் சுல்தான் மூன்றாம் முராதின் ஆதரவில் ஒரு வான் ஆய்வகம் கட்டினார். விண்மீன் நோக்குவதற்கென்றே விநாடி காட்டும் இயந்திரக் கடிகாரமும் செய்தார். 1577இல் பெரிய வால்மீன் தோன்றியபோது அதைச் சுல்தானுக்கு நல்ல சகுனமாகப் படித்துச் சொன்னார். பிறகு கொள்ளைநோய் வந்தது, சாவுகள் வந்தன. 1580 ஜனவரியில் ஆய்வகம் இடிக்கப்பட்டது. மதத்தலைவரின் எதிர்ப்பு, அரசவைப் பகை என்று காரணங்கள் சொல்லப்படுகின்றன. அவர் அதற்குப் பிறகும் ஐந்து ஆண்டு உயிரோடு இருந்தார். அந்த ஐந்து ஆண்டைப் பற்றி நாவல் எழுத யாராவது முன்வந்தால் நான் ஓடிப்போய் வாங்குவேன்.

வித்தையின் விலையைப் பற்றியும் கேட்டிருந்தீர்கள். ஆயுள் குறையும், தலை நரைக்கும் என்று வைப்பது எல்லாரும் செய்வது. நம் புராணத்தில் ககுத்மி என்ற அரசன் மகள் ரேவதிக்கு மாப்பிள்ளை கேட்கப் பிரம்மலோகம் போகிறான். அங்கே ஒரு கானம் நடந்துகொண்டிருக்கிறது, முடியட்டும் என்று காத்திருக்கிறான். முடிந்ததும் பிரம்மா சிரிக்கிறார். அந்தச் சிறு பொழுதில் பூமியில் 27 சதுர்யுகங்கள் கடந்துவிட்டன. அவன் மனதில் வைத்திருந்த மாப்பிள்ளைகள், அவர்களுடைய பேரன் பேத்திகள், அவர்களுடைய பெயர்கள்கூட மிச்சமில்லை. ஒரு சதுர்யுகம் 43,20,000 ஆண்டு, பெருக்கிப் பார்த்தால் தலை சுற்றும். அரசனுக்கோ மகளுக்கோ ஒரு நரை முடிகூட விழவில்லை. விலையைக் கொடுத்தது வீட்டில் விட்டுவிட்டு வந்தவர்கள். நீங்கள் எழுதிய விதிகளில் நான் மாற்றச் சொல்வது இந்த ஒன்றைத்தான். விலை அவள் உடம்பிலிருந்து போக வேண்டாம், அவள் திரும்பிப் போக நினைத்த வீட்டிலிருந்து போகட்டும்.

கடைசியாக, அவள் போன பிறகு. 1127இல் வடக்கிலிருந்து வந்த ஜுர்சென் இனத்தவரின் படை கைஃபெங்கைப் பிடித்தபோது சூ சோங்கின் கடிகாரத்தைப் பகுதி பகுதியாகக் கழற்றி வடக்கே இன்றைய பெய்ஜிங் இருக்கும் இடத்துக்கு வண்டிகளில் கொண்டுபோனார்கள். மறுபடி பொருத்தியும் ஒழுங்காக ஓடவில்லை. கைஃபெங்கின் வானத்துக்கு அமைத்த நோக்குக் குழாய் புது ஊரில் சில பாகை பிசகிக் காட்டியது, ஏனென்றால் அங்கே துருவம் இன்னும் உயரத்தில் இருக்கிறது. தெற்கே ஓடிய சோங் அரசும் இன்னொன்றைக் கட்ட விரும்பிச் சூ சோங்கின் மகனையே கேட்டது. தந்தையின் குறிப்புகள் இருந்தும் முடியவில்லை. ஆனால் நூல் தொலையவில்லை. படங்களோடு தங்கியிருந்து, 20ஆம் நூற்றாண்டில் அதைப் படித்தே மாதிரிகளைச் செய்தார்கள். ரிச்சர்டின் கடிகாரத்தை வேறு சிலர் பின்னர் முடித்தார்கள். இங்கிலாந்தில் மடங்கள் கலைக்கப்பட்ட 1539க்குப் பிறகு அது அழிந்தது. அதைப் பற்றி அவர் எழுதிய நூலும் 20ஆம் நூற்றாண்டில்தான் ஆராய்ந்து பதிப்பிக்கப்பட்டது.

ஆகவே உங்கள் கடைசி அத்தியாயத்துக்கு மூன்று ஆட்களை இப்போதே உருவாக்கி வையுங்கள். இயந்திரத்தைக் கொள்ளையடித்துக் கொண்டுபோய்த் தன் ஊரில் ஓட்டப் பார்க்கும் வெற்றியாளர் ஒருவர். நூலைக் கையில் வைத்துக்கொண்டு தாயின் வேலை புரியாமல் நிற்கும் மகளோ மகனோ ஒருவர். தண்ணீர் ஏற்றிக்கொண்டிருந்த அந்த ஆட்களில் மிஞ்சிய ஒரு கிழவர். முதலாமவர் மூன்றாமவரைத் தேட மாட்டார். இரண்டாமவர் தேடிப் போகிறாரா இல்லையா என்பதை நீங்கள் எழுதுங்கள்.